ஒரே பெயர், இரண்டு படங்கள்

கடல் தாண்டிய தொட்டில்கள் – 9

1966-ஆம் ஆண்டு. கலிபோர்னியாவில் ஃப்ரீமான்ட் என்ற ஊரைச் சேர்ந்த ஒரு குடும்பம் விமான நிலையத்தில் காத்து நிற்கிறது. ஆர்னால்ட் போர்ஷே, அவர் மனைவி ஆல்வீன், அவர்களுடைய பிள்ளைகள். தென் கொரியாவின் குன்சான் நகரில், ஓர் அநாதை விடுதியில் வளர்ந்த சா ஜோங் ஹீ என்ற சிறுமிக்கு மாதம் 15 டாலர் அனுப்பி வந்தவர்கள் அவர்கள். பணத்தோடு கடிதமும் போகும். விடுதியிலிருந்து பதில் வரும். அப்படியே பாசம் வளர்ந்து, அந்தப் பெண்ணைத் தத்தெடுத்துக்கொள்வது என்று முடிவு செய்தார்கள். விமானத்திலிருந்து எட்டு வயதுச் சிறுமி ஒருத்தி இறங்கி வந்தாள். பாஸ்போர்ட்டில் சா ஜோங் ஹீ என்று இருந்தது. புது வீட்டில் அவளுக்கு டியான் என்று பெயர் வைத்தார்கள்.

வந்தவள் சா ஜோங் ஹீ இல்லை.

அவள் பெயர் காங் ஒக் ஜின். அப்பா இல்லை. அம்மா இருந்தார், கூடப்பிறந்தவர்கள் இருந்தார்கள். சோற்றுக்கு வழியில்லாமல் அம்மா விடுதியில் விட்டுவைத்த பிள்ளை அவள். உண்மையான சா ஜோங் ஹீயை அவளுடைய அப்பாவே வந்து வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போய்விட்டார். அந்தச் சமயத்தில் தத்துக்கான காகிதங்கள் எல்லாம் தயாராகியிருந்தன. விடுதிக்காரர்கள் இன்னொரு பெண்ணை எடுத்து அந்தக் காகிதங்களுக்குப் பொருத்தினார்கள். பெரியவளாகும்வரை உன் கதையை யாரிடமும் சொல்லாதே என்று சொல்லி விமானம் ஏற்றிவிட்டார்கள்.

புது மொழி கொஞ்சம் நாக்குக்கு வந்ததும் அவள் ஆல்வீனிடம் சொல்லிப் பார்த்தாள். நான் அவள் இல்லை, எனக்கு அம்மா இருக்கிறார் என்றாள். ஆல்வீன் அன்பானவர். கனவு கண்டிருப்பாய் என்று ஆறுதல் சொல்லி, தத்துப் பத்திரங்களை எடுத்துக் காட்டினார். பெற்றோர் இறந்துவிட்டதாக அதில் எழுதியிருந்தது. ஒரு சின்னப் பிள்ளை அரசாங்க முத்திரையோடு எப்படி வாதாட முடியும்? நாளாக நாளாக அவளே அதை நம்பிவிட்டாள். கொரிய மொழி மறந்தது. அம்மாவின் முகம் மறந்தது. தான் இன்னொருத்தி என்பதும் மறந்தது.

வளர்ந்து வீட்டை விட்டுத் தனியே வாழத் தொடங்கிய பிறகுதான், தூக்கத்திலும் விழிப்பிலும் பழைய காட்சிகள் திரும்பி வரத் தொடங்கின. அவர் தன் தத்துக் கோப்பை எடுத்துப் பார்த்தார். உள்ளே இரண்டு புகைப்படங்கள். இரண்டிலும் சா ஜோங் ஹீ என்று எழுதியிருக்கிறது. ஒன்றில் இருப்பது அவர். இன்னொன்றில் இருப்பது வேறு ஒரு பெண். விடுதிக்குக் கடிதம் போட்டார். சில வாரங்களில் பதில் வந்தது, கொரியாவில் இருந்த சொந்த அண்ணனிடமிருந்து. உன் பெயர் காங் ஒக் ஜின் என்று அண்ணன் எழுதியிருந்தார்.

டியான் போர்ஷே லீம் பின்னாளில் ஆவணப்பட இயக்குநர் ஆனார். 2000-இல் வந்த ‘ஃபர்ஸ்ட் பெர்சன் ப்ளூரல்’, 2010-இல் வந்த ‘இன் த மேட்டர் ஆஃப் சா ஜோங் ஹீ’ என்ற இரண்டு படங்களிலும் அவர் இந்தக் கதையைத்தான் சொல்கிறார். இது எங்கோ ஒரு விடுதியில் நடந்த ஒற்றைத் தவறாக இருந்திருந்தால் இந்தத் தொடரில் இதற்கு இடம் இருந்திருக்காது. இப்படி ஒரு பெண்ணின் இடத்தில் இன்னொரு பெண்ணை வைத்து அனுப்ப முடிந்தது எப்படி என்று கேட்டால், இன்னும் பத்தாண்டுகளுக்கு மேல் பின்னால் போக வேண்டும்.

1953 ஜூலை 27-இல் கொரியப் போர் ஓய்ந்தது. ஊரெங்கும் தாய் தகப்பனை இழந்த பிள்ளைகள். அவர்களில் ஒரு கூட்டத்தைத்தான் அன்றைய அரசு முதலில் வெளியேற்ற நினைத்தது: அமெரிக்கச் சிப்பாய்களுக்கும் கொரியப் பெண்களுக்கும் பிறந்த குழந்தைகள். ஒரே நாடு, ஒரே இரத்தம் என்று பேசிய சிங்மன் ரீயின் ஆட்சிக்கு அந்த முகங்கள் உறுத்தின. 1954-இல் அரசே குழந்தைகளை வெளிநாட்டுக்கு அனுப்ப ஓர் அமைப்பைத் தொடங்கியது. இந்த வரலாற்றின் தொடக்கமே இனத்தூய்மை பற்றிய பயம் என்பதை மறக்கக் கூடாது. இனம் கலந்த முகம் என்று இங்கிருந்து அனுப்பப்பட்ட பிள்ளை, இனம் வேறான முகமாக அங்கே போய் இறங்கியது.

அதே காலத்தில் ஒரேகான் மாநிலத்தில் கிரெஸ்வெல் என்ற சிற்றூரில் ஹாரி ஹோல்ட் என்ற விவசாயி, மனைவி பெர்த்தாவோடு ஒரு படம் பார்க்கப் போனார். கொரிய அநாதைக் குழந்தைகளைப் பற்றிய கிறிஸ்தவத் தொண்டு நிறுவனத்தின் படம் அது. அவர்களுக்கு ஏற்கெனவே ஆறு பிள்ளைகள். கொரியாவிலிருந்து இன்னும் எட்டுப் பேரை எடுத்து வளர்ப்பது என்று முடிவு செய்தார்கள். ஒரு தம்பதி இரண்டு பேரைத்தான் கொண்டுவரலாம் என்று அமெரிக்கச் சட்டம் சொன்னது. அவர்களுக்காக 1955-இல் அமெரிக்க நாடாளுமன்றம் தனிச்சட்டமே போட்டது. அந்த அக்டோபரில் எட்டுக் குழந்தைகளோடு ஹாரி போர்ட்லாண்டில் வந்து இறங்கினார். பத்திரிகைகள் கொண்டாடின. எங்களுக்கும் ஒரு பிள்ளை வேண்டும் என்று நாடெங்கும் இருந்து கடிதங்கள் குவிந்தன. அடுத்த ஆண்டே ஹோல்ட் தத்து அமைப்பு பிறந்துவிட்டது.

ஹாரி ஹோல்ட் மனத்தில் இரக்கம் இருந்தது. அதில் எனக்குச் சந்தேகம் இல்லை. 1964-இல் அவர் கொரிய மண்ணில்தான் இறந்தார். அங்கேயே அடக்கமும் ஆனார். ஆனால் அந்த இரக்கத்துக்காகத் திறந்த வாசல் போர்க்காயம் ஆறிய பிறகும் மூடவில்லை. கலப்புக் குழந்தைகளுக்குப் பின் ஏழை வீட்டுப் பிள்ளைகள் போனார்கள். அவர்களுக்குப் பின் திருமணம் ஆகாத பெண்களின் பிள்ளைகள், பெரும்பாலும் கிராமத்தை விட்டு நகரத்து ஆலைகளுக்கு வேலைக்கு வந்த இளம்பெண்களின் பிள்ளைகள். நம் ஊரில் அந்தக் காலத்தில் சுவீகாரம் என்றால் முதலில் பங்காளி வீட்டுப் பிள்ளையைத்தான் பார்ப்பார்கள். கொரியாவிலும் அப்படியே: தகப்பன் வழி இரத்தமே குலம். குலம் தெரியாத குழந்தையை வீட்டில் சேர்க்க உள்ளூரில் ஆள் குறைவு. தகப்பன் பெயர் இல்லாத பிள்ளையோடு ஒரு பெண் தனியே வாழச் சமூகமும் விடவில்லை, அரசும் கைகொடுக்கவில்லை. கைகொடுக்கத் தேவையான பணத்தைவிட, பிள்ளையை அனுப்புவது அரசுக்கு மலிவாகத் தெரிந்தது.

அனுப்பும் வேலைக்கு ஒரு காகிதம் தேவைப்பட்டது. அந்தக் காகிதத்தைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், இந்த அத்தியாயத்தின் கரு அதில்தான் இருக்கிறது.

2008-இல் ஒழிக்கப்படும்வரை கொரியாவில் ஒவ்வொருவருக்கும் ஹோஜோக் என்ற குடும்பப் பதிவேடு இருந்தது. குடும்பத் தலைவர் பெயர் மேலே, அவருக்குக் கீழே மனைவி, மக்கள், பேரப்பிள்ளைகள். ஒருவர் யார் மகன், யார் பேத்தி, எந்த ஊர்க் குலம் என்பதெல்லாம் அதில் இருக்கும். பள்ளிக்கும் வேலைக்கும் கல்யாணத்துக்கும் அதைத்தான் கேட்பார்கள். வெளிநாடு போகும் குழந்தைக்கு இதிலிருந்து வேறான ஒரு பதிவேடு தயாராகும். அதற்கு அநாதைப் பதிவேடு என்று பெயர். அதில் குடும்பத் தலைவர் அந்தக் குழந்தையேதான். மேலேயும் யாரும் இல்லை, கீழேயும் யாரும் இல்லை. தகப்பன் என்ற இடம் வெறுமை. தாய் என்ற இடம் வெறுமை. பெயர்கூடப் பல சமயம் விடுதியிலோ தத்து அலுவலகத்திலோ வைத்ததுதான். பிறந்த நாளும் அப்படியே. சொந்த பந்தம் உள்ள குழந்தையை வானத்திலிருந்து விழுந்த குழந்தையாக மாற்றும் காகிதம் அது. அநாதை என்றால் அமெரிக்க விசா எளிதில் கிடைக்கும். தாய் இருக்கிறாள் என்றால் அவள் சம்மதத்தைக் கேட்க வேண்டும், நாளை அவள் மனம் மாறி வந்து நிற்கலாம்.

இந்தக் காகிதத்தின் பலத்தில்தான் ஒரு சா ஜோங் ஹீயின் இடத்தில் இன்னொருத்தியை வைக்க முடிந்தது. யாரும் இல்லை என்று எழுதிய பிறகு, யார் என்று கேட்பதற்கு ஆள் ஏது?

கணக்கு ஏறிக்கொண்டே போனது. 1985-இல் மட்டும் 8,837 குழந்தைகள். ஒரு நாளைக்கு 24 பேர். பஞ்சமும் போரும் தின்ற தேசம் அல்ல அப்போதைய தென் கொரியா. கப்பலும் காரும் தொலைக்காட்சிப் பெட்டியும் ஏற்றுமதி செய்த தேசம். 1988-இல் சோல் நகரில் ஒலிம்பிக் நடந்தபோது அமெரிக்கப் பத்திரிகைகளும் தொலைக்காட்சிகளும் குழந்தை ஏற்றுமதியையும் சேர்த்துப் பேசிவிட்டன. அரசுக்கு அவமானம் தாங்கவில்லை. அதன் பிறகு எண்ணிக்கை வேகமாக விழுந்தது. போர்க்காலத்திலிருந்து கணக்கிட்டால் சுமார் 2 லட்சம் பேர் போயிருக்கிறார்கள் என்பது பொதுவாகச் சொல்லப்படும் கணக்கு. பெரும்பகுதி அமெரிக்காவுக்கு, மற்றவர்கள் பிரான்ஸ், ஸ்வீடன், டென்மார்க், நார்வே, நெதர்லாந்து, பெல்ஜியம், ஆஸ்திரேலியா என்று சிதறினார்கள்.

போன பிள்ளைகள் எப்படி வளர்ந்தார்கள்? பலரும் நல்ல வீடுகளில், நல்ல சாப்பாட்டோடு, அன்போடு வளர்ந்தார்கள். அதைச் சொல்லாமல் விட்டால் அது பொய்யாகிவிடும். மினசோட்டாவின் பனி மூடிய ஊர்களிலும் ஸ்வீடனின் சிற்றூர்களிலும், அந்தத் தெருவிலேயே ஒரே ஆசிய முகமாக அவர்கள் இருந்தார்கள். நிறம் எங்களுக்குத் தெரியாது, பிள்ளை பிள்ளைதான் என்று பெற்றோர் சொன்னார்கள். மனதாரத்தான் சொன்னார்கள். வீட்டு வாசலைத் தாண்டினால் பள்ளி மைதானத்தில் கண்ணை இழுத்துக் காட்டிக் கேலி செய்யும் பையன்களுக்கு நிறம் நன்றாகவே தெரிந்தது. வீட்டுக்கு வந்து அதைச் சொன்னால் பெற்றோர் மனம் நோகும். அதனால் பிள்ளைகள் சொல்லவில்லை. உன்னைக் காப்பாற்றிக் கொண்டுவந்தோம் என்று ஊரே சொல்லும்போது, வலிக்கிறது என்று சொல்வதே நன்றிகெட்ட பேச்சாகத் தோன்றிவிடுகிறது. வயிறு நிறைய உண்டு, வாய் திறக்காமல் வளர்ந்தவர்கள் அவர்கள்.

1999 செப்டம்பரில் வாஷிங்டனில் சுமார் 400 பேர் கூடினார்கள். கொரியாவிலிருந்து தத்துப் போய், நடுவயதை எட்டிக்கொண்டிருந்த முதல் தலைமுறையின் முதல் பெரிய கூட்டம். அங்கே ஓர் ஆய்வுக்கு 167 பேர் பதில் எழுதினார்கள். சிறுவயதில் உங்களை எந்த இனத்தவராக நினைத்தீர்கள் என்பது ஒரு கேள்வி. 36 சதவீதம் பேர் வெள்ளையர் என்று எழுதினார்கள். இப்போது என்ன நினைக்கிறீர்கள் என்ற கேள்விக்கு அப்படி எழுதியவர்கள் 11 சதவீதம். இந்த இரண்டு எண்களுக்கும் நடுவே ஒரு மனிதன் என்னென்ன பட்டிருப்பான் என்று யோசிக்க யோசிக்க எனக்கு மனம் ஆறுவதில்லை. தன் முகத்தைத் தன் முகம் என்று ஒப்புக்கொள்வதற்கே சிலருக்கு முப்பது வருடம், நாற்பது வருடம் ஆகியிருக்கிறது.

அந்தக் கூட்டத்துக்கு முன்பே ஐரோப்பாவில் ஒரு தொடக்கம் நடந்துவிட்டது. 1986-இல் ஸ்வீடனில் கொரியத் தத்துப் பிள்ளைகள் தங்களுக்கென்று ஒரு சங்கம் வைத்துக்கொண்டார்கள். தன்னைப் போன்ற இன்னொரு முகத்தோடு ஒரே மேசையில் உட்கார்ந்து, விளக்கம் எதுவும் சொல்லத் தேவையில்லாமல் பேசும் அனுபவம் பலருக்கு அங்கேதான் முதல்முறை கிடைத்தது. அவர்களில் சிலர் கொரியாவுக்குத் திரும்பிப் போய்த் தங்கவும் தொடங்கினார்கள்.

சோல் நகரில் இறங்கினால் முகம் கூட்டத்தில் கரைந்துவிடும். வாழ்க்கையில் முதல்முறையாக யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். அந்த நிம்மதி டாக்சியில் ஏறும்வரைதான். ஓட்டுநர் கொரிய மொழியில் பேச்சுக் கொடுப்பார், பதில் வராது. பார்க்கக் கொரியராக இருந்துகொண்டு மொழி தெரியாதா என்று முகம் சுளிப்பார். தத்துப் போன பிள்ளை என்று அரைகுறையாக விளக்கியதும் சுளிப்பு மாறி, புல்சாங்ஹே என்பார். ஐயோ பாவம் என்று அர்த்தம். பெரிய படிப்புப் படித்து, வேலை பார்த்து, பிள்ளை பெற்றவர்களைப் பார்த்துச் சொல்லும் பாவம் அது. பிறந்த நாட்டில் அவர்களுக்காக ஒதுக்கி வைத்திருந்த ஒரே இடம் அழும் அநாதையின் இடம். கொரியச் சினிமாவும் அதைத்தான் எடுத்தது. 1991-இல் வந்த ‘சுசான் பிரிங்கின் அரிராங்’ ஸ்வீடனுக்குத் தத்துப் போன ஒரு பெண்ணின் கதை. பார்த்தவர்கள் கண்ணீர் விட்டார்கள். கண்ணீர் விட்ட அந்தத் தேசம் அந்த ஆண்டும் குழந்தைகளை அனுப்பிக்கொண்டுதான் இருந்தது.

1998 அக்டோபரில் ஜனாதிபதி கிம் தே ஜுங் எட்டு நாடுகளிலிருந்து வந்த 29 தத்துப் பிள்ளைகளை நீல மாளிகைக்கு அழைத்து மன்னிப்புக் கேட்டார். அதே ஆண்டு திரும்பி வந்தவர்களுக்கு உதவ, திரும்பி வந்தவர்களே சோல் நகரில் கோல் என்ற அமைப்பைத் தொடங்கினார்கள். தங்கி வேலை செய்ய விசா கிடைத்தது. 2011 முதல் இரட்டைக் குடியுரிமையும் கிடைத்தது. அவர்கள் செய்த மிகப் பெரிய காரியம் இதற்கெல்லாம் மேலானது என்பேன். தாங்கள் பட்டது போதும் என்று, கொரியாவின் திருமணம் ஆகாத தாய்மார்களோடு தோளோடு தோள் நின்று சட்டத்தை மாற்றக் கேட்டார்கள். 2012 ஆகஸ்டில் புதுச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. பிரசவித்த பெண்ணிடம் ஏழு நாட்களுக்கு முன் சம்மதம் வாங்கக் கூடாது. குழந்தையின் பிறப்பு அதன் தாய் பெயரோடு பதிவாக வேண்டும். நீதிமன்றம் ஒப்புதல் தர வேண்டும். தங்களுக்கு மறுக்கப்பட்ட காகிதத்தை அடுத்த குழந்தைக்கு வாங்கிக் கொடுத்தவர்கள் அவர்கள்.

காகிதம் இல்லாததால் வந்த கொடுமை அமெரிக்காவிலும் இருந்தது. அந்தக் காலத்தில் தத்தெடுத்ததாலேயே குடியுரிமை வந்துவிடவில்லை. பெற்றோர் தனியே விண்ணப்பிக்க வேண்டியிருந்தது. பல பெற்றோருக்கு அது தெரியவில்லை, சிலர் கவலைப்படவில்லை. 2001 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்த சட்டம் தானாகக் குடியுரிமை கொடுத்தது, அன்று 18 வயது நிரம்பாதவர்களுக்கு மட்டும். மூன்று வயதில் 1979-இல் அமெரிக்கா போன ஆடம் கிராப்சர் 2016-இல் கொரியாவுக்கு நாடு கடத்தப்பட்டார். மனைவி மக்களை அங்கே விட்டுவிட்டு, மொழி தெரியாத பிறந்த நாட்டில் வந்து இறங்கினார். குழந்தையாக ஏற்றுக்கொண்ட தேசம், பெரியவனான பிறகு வெளிநாட்டான் என்று சொல்லித் திருப்பி அனுப்பியது.

காரா பாஸ் என்ற பெண்ணின் வழக்கையும் சொல்ல வேண்டும். 1983-இல் கோசான் என்ற ஊரில் ஒரு சந்தையின் வாகன நிறுத்தத்தில் தனியே நின்ற இரண்டு வயதுக் குழந்தை. மிச்சிகனில் வளர்ந்து, நெதர்லாந்தில் குடியேறி, தானும் தாயானார். மரபணுச் சோதனை வழியாகத் தகப்பன் இருக்கும் குடும்பம் தெரியவந்தது. அவர்கள் பேச மறுத்தார்கள். வேறு வழியில்லாமல் நீதிமன்றம் போனார். வெளிநாட்டுக்குத் தத்துப் போன பிள்ளை தந்தைமையை நிலைநாட்டக் கொரியாவில் வழக்குப் போட்டது அதுதான் முதல்முறை. 2020 ஜூன் மாதம், 85 வயதுக்காரர் ஒருவரின் மகள் இவர் என்று சோல் குடும்ப நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. காரா அந்த மனிதரிடம் சொத்துக் கேட்கவில்லை. என் அம்மா யார் என்று கேட்டார். அந்தக் கேள்விக்கு அவரிடமிருந்து பதில் கிடைக்கவில்லை.

தத்துப் பிள்ளைகள் வேர் தேடுகிறார்கள் என்று நாம் அழகாக எழுதிவிடுகிறோம். அவர்கள் கேட்பது மிகச் சின்ன விஷயம். நம்மில் யாரும் கேட்க வேண்டிய அவசியமே வராத விஷயம்: நான் எந்த நாளில் பிறந்தேன், என் பெயரை வைத்தது யார், என்னைக் கொடுத்தாளா, என்னைத் தொலைத்தாளா, என்னைப் பறித்தார்களா? கோப்பில் அந்தப் பதில் இருக்கலாம். கோப்பு யாரிடம் இருக்கிறதோ அவர்கள் கையில்தான் அவர்களுடைய வாழ்க்கையின் முதல் பக்கம் இருக்கிறது.

டியான் கதையை முடித்துவிடுகிறேன். வளர்த்த பெற்றோரை அழைத்துக்கொண்டு அவர் கொரியா போனார். பெற்ற அம்மாவும் வளர்த்த அம்மாவும் ஒரே அறையில், தரையில் உட்கார்ந்தார்கள். நடுவில் மொழிபெயர்ப்பவர். ஒரு மனத்தில் இரண்டு அம்மாக்களுக்கு இடம் இல்லாமல் போயிருந்ததை டியான் முதல் படத்தில் மறைக்காமல் சொல்கிறார். பெற்றவளிடம் பேசத் தனக்கு மொழி இல்லை என்பதையும் மறைக்கவில்லை. பிறகு இரண்டாவது படத்தில், தன் வாழ்க்கைக்குப் பெயர் கொடுத்த உண்மையான சா ஜோங் ஹீயைத் தேடிப் போனார். அந்தப் பெயருள்ள பெண்கள் பலரைச் சந்தித்தார்; ஒவ்வொருவர் வீட்டிலும் உட்கார்ந்து அவர்கள் கதையைக் கேட்டார். தான் கொரியாவிலேயே இருந்திருந்தால் வாழ்ந்திருக்கக்கூடிய வாழ்க்கைகளை ஒவ்வொன்றாகப் பார்த்துவிட்டு வந்தார்.

2022 ஆகஸ்டில் டென்மார்க்கில் வாழும் கொரியத் தத்துப் பிள்ளைகள் முன்னின்று, தென் கொரியாவின் உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையத்திடம் மனுக் கொடுத்தார்கள். 11 நாடுகளிலிருந்து 367 பேர் சேர்ந்துகொண்டார்கள். 2025 மார்ச் 26-இல் ஆணையம் தன் முடிவைச் சொன்னது. பெற்றோர் இருந்தும் அநாதை என்று எழுதியது, இறந்த குழந்தையின் பெயரில் வேறு குழந்தையை அனுப்பியது, முறையான சம்மதம் வாங்காதது எல்லாம் நடந்தன, அதற்கு அரசே பொறுப்பு என்று ஒப்புக்கொண்டது. முதலில் பார்த்த 98 பேரில் 56 பேரைப் பாதிக்கப்பட்டவர்கள் என்று ஏற்றது. டென்மார்க் போகும் விமானத்தில் கைக்குழந்தைகளை இருக்கைகளில் வரிசையாகப் பட்டை போட்டுக் கட்டிவைத்த பழைய படம் ஒன்றையும் வெளியிட்டது. அக்டோபர் 2-இல் ஜனாதிபதி லீ ஜே மியுங் நாட்டின் சார்பில் மன்னிப்புக் கேட்டார்.

மீதி 311 பேரின் மனுக்களுக்கு அந்த மார்ச் அறிவிப்பில் முடிவு சொல்லப்படவில்லை.

அடுத்த அத்தியாயத்தில் பக்கத்துக் கடலுக்கு வருகிறோம். 1980-களில் இலங்கையிலிருந்து ஐரோப்பாவுக்குப் போன குழந்தைகளின் கதை. அதுவரை வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் வீட்டிலோ சொந்தத்திலோ தத்துப் பிள்ளை யாராவது இருந்தால், அந்தப் பிள்ளையோடு வந்த காகிதங்களை, ஒரு துண்டுச் சீட்டாக இருந்தாலும், கிழித்துப் போட்டுவிடாதீர்கள். பத்திரமாக எடுத்து வையுங்கள். கேட்கும் நாளில் அவர்கள் கையில் கொடுங்கள்.